கல்லாற்றில் நான் போட்ட பூஜ்யங்கள்

கரமனை,
23.2.2025, ஞாயிறு

அன்பு மகள் அஸ்வதிக்கு அப்பா எழுதுவது. நீயும் மாப்பிள்ளை கிருஷ்ணகுமாரும் மீராக்குட்டியும் மணிலாவில் காய்ச்சல் தலைவலி இல்லாமல் இருக்க ஆற்றுக்கால் அம்மை துணையிருக்கட்டும். நான் இங்கே நடமாட்டமாக இருக்கிறேன், சர்க்கரை மட்டுப்பட்டிருக்கிறது, முட்டுவலி அது பாட்டுக்கு இருக்கிறது. வாட்ஸாப்பில் கைகூப்பும் பொம்மையைத் தவிர வேறொன்றும் அனுப்பாத அப்பா எதற்குக் காகிதமும் பேனாவும் எடுத்தார் என்று உனக்குத் தோன்றும். போனில் சொல்ல வாய் வராத விஷயம் என்பது ஒன்று. போனில் நீ பதில் சொன்னால் அது எனக்குச் சரியாக விழாது என்பது இன்னொன்று, அதைப் பற்றியும் எழுதத்தான் போகிறேன். அவசரமில்லாமல் ஓரிடத்தில் உட்கார்ந்து படி. ஆபீஸில் வைத்துப் படிக்காதே, மீரா பக்கத்தில் இருக்கும்போதும் வேண்டாம்.

முதலில் வீட்டு விசேஷங்களைச் சொல்லிவிடுகிறேன். மார்ச் பதிமூன்று ஆற்றுக்கால் பொங்கலை. நம் தெருமுனை வரைக்கும் இப்போதே செங்கல்லைக் கொண்டுவந்து போட்டு இடம் பிடிக்கத் தொடங்கிவிட்டார்கள். கரண்ட் போஸ்டுக்குக் கிழக்கே உன் அம்மா அடுப்புக் கூட்டுகிற இடத்தைப் புதிதாகக் குடிவந்த ஒரு பெண் கேட்டாள், வைத்துக்கொள் அம்மா என்றேன். மாமரம் பூத்துப் பூத்துக் கொட்டிவிட்டது, ஊறுகாய்க்குக்கூடக் காய் தேறாது. பின்சுவருக்கு அந்தப்பக்கம் அக்ரஹாரத்து வீட்டு சீதாலக்ஷ்மி மாமி தினமும் ஒரு கிண்ணத்தில் ரசமோ கூட்டோ சுவருக்கு மேலாக நீட்டுகிறார், வேண்டாம் என்றாலும் விடுவதில்லை. மீராவுக்கு இருமல் விட்டுவிட்டதா? ராத்திரி ஏசியைக் குறைத்து வை. அவள் என்னிடம் பேசுவது இங்கிலீஷா அந்த ஊர்ப் பாஷையா என்றே புரியவில்லை, பிள்ளைக்குத் தமிழ் சொல்லிக்கொடுக்க உனக்கு நேரமில்லையா என்று தீபாவளிக்கு உன்மேல் எரிந்து விழுந்தேன். அந்தக் கோபத்தைத் திருப்பி எடுத்துக்கொள்கிறேன் மக்களே. குழந்தை தமிழில்தான் பேசியிருக்க வேண்டும்.

நானும் அம்மாவும் ஒவ்வொரு குளிர்காலத்திலும் பொன்முடிப் பாதையில் கல்லாறு வரை போய்ப் பறவைக் கணக்கு எடுப்போம் என்பது உனக்குத் தெரியும். நவம்பரிலிருந்து மார்ச் வரை மாதத்தின் முதல் ஞாயிறு, தம்பானூரில் விடிகாலை பஸ், உன் அம்மா பையில் இட்லி. நான் சர்வே ஆபீஸிலிருந்து ரிட்டயர் ஆன வருஷம் தொடங்கியது, பதினோரு குளிர்காலம் ஒரு ஞாயிறு விடாமல் போனோம். ஆற்றோரமாக ஒரு கிலோமீட்டர் நடை, போகும்போதும் வரும்போதும் எண்ணி, பட்டியல் போட்டு, இங்கே உள்ள பறவைக்காரர்களின் குழுவுக்கு அனுப்ப வேண்டும். அதில் எங்கள் சொந்தப் பறவை என்று ஒன்று இருந்தது, சாம்பல்தலை ஈப்பிடிப்பான். சிட்டுக்குருவியைவிடச் சின்னது, தலையும் நெஞ்சும் சாம்பல், வயிறு நல்ல மஞ்சள். ஒரு குச்சியில் நிமிர்ந்து உட்காரும், பாய்ந்து ஒரு பூச்சியைப் பிடிக்கும், திரும்ப அதே குச்சிக்கு வரும். ஆள்தான் சின்னது, வாய் பெரிது, ஓயாமல் கூப்பிட்டுக்கொண்டே இருக்கும். இலைக்கூட்டத்துக்குள் முதலில் அதன் குரல்தான் கிடைக்கும், அதற்குப் பிறகுதான் அது.

நீ பாகியோ மலைக்குப் போயிருந்தபோது, யாரோ எடுத்தது என்று முழு மஞ்சளாக ஒரு குருவியின் படத்தை அனுப்பினாயே, ஞாபகம் இருக்கிறதா? நான் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்து, இந்தப் பேரினத்தில் உலகத்திலேயே மொத்தம் இரண்டே வகைதான், ஒன்று நாம் கல்லாற்றில் பார்ப்பது, மற்றது அந்தத் தீவுகளில் இருப்பது, அஸ்வதி அனுப்பியது அதுதான் என்று அம்மாவிடம் சொன்னேன். அவளுக்குப் பிடிபடாத சந்தோஷம். அப்போ ஒண்ணு நம்மகிட்ட, ஒண்ணு அவகிட்ட, கணக்கு சரியாப் போச்சு என்றாள். அந்தப் படத்தைப் பிரிண்ட் போட்டு பிரிட்ஜில் ஒட்டியவள் அவள்தான், நீ வந்தபோது பார்த்திருப்பாய்.

எங்கள் வேலை எப்படி நடந்தது என்று சொல்கிறேன், இதுதான் முக்கியம். காட்டுக்குள் பேசக்கூடாது என்பது என் சட்டம். முதல் ஒன்றிரண்டு வருஷம் அம்மா அத்தான், மேல பாருங்கோ, அத்தான், இடது பக்கம் பாருங்கோ என்று சொல்லிக்கொண்டே வருவாள், நான் வாயை மூடு என்று வள்ளென்று விழுவேன். பிறகு அவள் பேசுவதை விட்டுவிட்டாள். என் முழங்கையைத் தொடுவாள், தாடையால் ஒரு பக்கம் காட்டுவாள், நான் பைனாகுலரைத் தூக்குவேன், பறவை அங்கே இருக்கும், நான் எழுதுவேன். முப்பது வருஷம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு டிரங்க் கால் போட்டுக் கொடுத்தவள், அவளுடைய காதைப் பற்றிச் சொல்லவா வேண்டும். ஆனால் நான் அப்படி நினைக்கவில்லை. கண்டுபிடிக்கிறவன் நான், இவள் கூட வருகிறாள் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். குழுவில் என்னைப் புகழும்போது வாங்கிக்கொண்டு சிரித்தவன்தான் நான், பகவதியம்மாள் என்று அவள் பெயரைப் பட்டியலின் அடியில் கூடச் சேர்த்ததில்லை.

அவள் போய்ச் சேர்ந்த பிறகு நான் தனியாகப் போனேன். ஒன்றரை வருஷமாக நீ என்னிடம் கேட்டுக்கொண்டிருக்கிறாய், அந்த முட்டுவலியோடு எதற்குக் கல்லாற்றுக்குப் போகிறீர்கள் அப்பா என்று. வேறு எங்கே போவேன். முதல் நவம்பரில் ஈப்பிடிப்பான் இல்லை. சரி, பிந்தி வருகிறது என்று நினைத்தேன். டிசம்பரில் இல்லை, ஜனவரியில் இல்லை, மார்ச் வரைக்கும் ஐந்து நடையிலும் பூஜ்யம். அடுத்த குளிர்காலம் நவம்பரும் டிசம்பரும் போய்ப் பார்த்தேன், அதுவும் பூஜ்யம். ஏழு நடை, ஏழு பூஜ்யம். கொஞ்சம் அரைகுறையாகப் பார்த்துவிட்டு வந்தால் முழுமையற்ற பட்டியல் என்று குறிக்க வேண்டும், எல்லாம் பார்த்தேன் கேட்டேன் எதையும் விடவில்லை என்றால்தான் முழுப்பட்டியல். நான் ஏழையும் முழுப்பட்டியல் என்று அனுப்பினேன். அனுப்பியதோடு நிற்கவில்லை. கல்லாற்றை விட்டு ஈப்பிடிப்பான் போய்விட்டது, ஆற்றோரத்தில் மரம் முறிக்கிறார்கள், ஆட்கள் வந்து பாட்டுப் போடுகிறார்கள், அதுதான் காரணம் என்று நான்கு பக்கம் எழுதிக் குழுவுக்குக் கொடுத்தேன். கூட்டத்தில் எழுந்து நின்று பேசினேன். பேசி முடிக்காமல் பாதியிலேயே உட்கார்ந்துவிட்டேன், பறவைக்காகத்தான் என்று எல்லோரும் நினைத்தார்கள், நானும் அப்படித்தான் நினைத்தேன்.

பத்திரிகைக்குக் கொடுப்பதற்கு முன்பு இன்னொரு ஆளும் போய்ப் பார்ப்பதுதான் முறை என்று குழுவில் சொன்னார்கள். எனக்கு அது அவமானமாகப் பட்டது, நாற்பது வருஷம் அளவெடுத்து வரைபடம் போட்டவனின் கணக்கைச் சரிபார்க்க ஆளா என்று. ஜனவரி முதல் ஞாயிறு என்னோடு லிபி வந்தாள். கழக்கூட்டத்தில் சாஃப்ட்வேர் கம்பெனியில் வேலை, முன்பு ஒன்றிரண்டு தடவை எங்களோடு நடந்திருக்கிறாள், அம்மாவுக்கு அவளைப் பிடிக்கும், தன் இட்லியில் பாதி கொடுப்பாள். பாலத்தைத் தாண்டி ஐம்பது அடி போயிருக்கமாட்டோம், அவள் நின்றுவிட்டாள். என் முகத்தையே பார்த்தாள். என்ன என்றேன். அங்கிள், தலைக்கு மேலே தன்னே உண்டல்லோ, கேட்குந்நில்லே என்றாள். என்ன இருக்கிறது என்றேன். பாற்றாபிடியன், ரெண்டெண்ணம் என்றாள், நம் ஈப்பிடிப்பானைத்தான். எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. உன் ஆபீஸில் ஏசி இரைச்சல் கேட்டுக் கேட்டு உனக்குக் காதில் ஏதோ கூவுகிறது என்று சத்தம் போட்டேன். ஒரு பெண்பிள்ளையிடம் அப்படிப் பேசினேன்.

அவள் கையை நீட்டிக் கொப்பைக் காட்டினாள். பைனாகுலரைத் தூக்கினேன். இருந்தது மக்களே. இருபதடிக்குள் இருந்தது. சாம்பல் தலை, மஞ்சள் வயிறு, என்னை நேருக்கு நேராகப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. அதன் அலகு திறந்தது, மூடியது, திரும்பத் திறந்தது, தொண்டையில் அந்தச் சாம்பல் மயிர் துடித்தது, உடம்பே குலுங்கியது. சத்தம் இல்லை. டிவியில் ஒலியை நிறுத்தி வைத்ததுபோல் அது கூப்பிட்டுக்கொண்டே இருந்தது. ஆறு இரைவது எனக்குக் கேட்கிறது, தூரத்தில் பஸ் கியர் மாற்றுவது கேட்கிறது, இது மட்டும் கேட்கவில்லை. அன்று அந்த ஒரு கிலோமீட்டரில் லிபி ஒன்பது ஈப்பிடிப்பான் எண்ணினாள். நான் அவள் பின்னால் நடந்தேன்.

திரும்பி வரும் பஸ்ஸில் அவள் சொன்னாள். அவளுக்கு முன்பே தெரியுமாம், அம்மா சொல்லியிருந்தாளாம். இவருக்கு மெலிஞ்ச ஒச்சை ஒண்ணும் கேக்காது மக்களே, கொஞ்ச வருஷமாச்சு, நீ காட்டிக்கிடாத, தெரிஞ்சா மறுநாள் முதல் காட்டுப் பக்கமே வரமாட்டாரு என்று சொன்னாளாம். நீ யோசித்துப் பார். நம் வீட்டுக் காலிங் பெல் கீச்கீச்சென்று கிளி மாதிரி கத்திக்கொண்டிருந்தது, கெட்டுப்போச்சு என்று சொல்லி அதைக் கழற்றிவிட்டு மணி அடிக்கிற மாதிரி டங்கென்று ஒன்றை மாட்டினாள். நீ போன் பண்ணும்போது என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, மீராவுக்குப் பல்லு விழுந்துட்டாம் கேட்டியளா, மாப்பிள்ளைக்குப் பிரமோஷனாம் கேட்டியளா என்று ஒவ்வொன்றாகத் திருப்பிச் சொல்வாள். கிளிப்பிள்ளை மாதிரி எதற்கு ஒப்பிக்கிறாய் என்று அதற்கும் சிடுசிடுத்தேன். அவள் போன பிறகு நீ பேசுவதற்கெல்லாம் நான் சரி சரி, நல்லது நல்லது என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தேன். நீ எதையாவது சொல்லி நான் பொருத்தமில்லாமல் நல்லது என்று சொல்லியிருந்தால் மன்னித்துக்கொள்.

லிபி விடாப்பிடியாக நின்று, தம்பானூர்ப் பக்கம் ஒரு கிளினிக்கில் காதைப் பரிசோதிக்கக் கூட்டிப்போனாள். ரெம்யா என்று ஒரு பெண், கண்ணாடி அறைக்குள் உட்காரவைத்து, சத்தம் கேட்டால் பொத்தானை அமுக்குங்கள் என்றாள். எவ்வளவோ நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன், இன்னும் ஆரம்பிக்கவில்லை என்று நினைத்தேன், கதவைத் திறந்து முடிந்தது அங்கிள் என்கிறாள். வரைபடத்தைக் கையில் கொடுத்தாள். அவள் விளக்குவதற்கு முன்பே எனக்குப் புரிந்துவிட்டது, வாழ்நாளெல்லாம் சரிவு வரைந்தவன் அல்லவா. இடது பக்கம் சமதரை, நடுவிலிருந்து நேரே பள்ளத்தாக்கு. தடித்த சத்தமெல்லாம் கேட்கும், மெலிந்த குரல்கள் கேட்காது, பெண்கள் குழந்தைகள் பேச்சு பாதிதான் கிடைக்கும், நடுவில் ஒரு கதவோ மழையோ இருந்தால் அதுவும் கிடைக்காது என்றாள். எத்தனை நாளாக என்று கேட்டேன். எட்டுப் பத்து வருஷம் இருக்கும் என்றாள்.

மழை என்று அவள் சொன்னது எனக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. தம்பானூரிலிருந்து கரமனைக்குப் பஸ்ஸில் வருகிற அந்தக் கொஞ்ச நேரத்தில் நான் இத்தனை நாள் பார்க்காததைப் பார்த்துவிட்டேன். அம்மா போன அன்று ஆடி மாதத்துக் கர்க்கடக மழை. காலை பத்தரை மணி. நான் முன்னறையில் நாற்காலியில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தேன். அம்மா பின்னால் துவைக்கிற கல்லுக்குப் போனாள், தகரக் கூரையில் மழை அடித்துக்கொண்டிருந்தது, அடுக்களைக் கதவு சாத்தியிருந்தது. பதினொன்றேகாலுக்குக் காப்பி வரவில்லையே என்று நான் எழுந்து போனபோதுதான் அவள் கல்லருகில் விழுந்து கிடப்பதைப் பார்த்தேன். ஆஸ்பத்திரியில் டாக்டர் என்னிடம் ஒன்றுதான் கேட்டார், ஏதாவது கூப்பிட்டார்களா என்று. இல்லை, ஒரு சத்தமும் போடவில்லை என்று நான் சொன்னேன். அப்படியானால் சட்டென்று போயிருக்கும், அவர்களுக்கு ஒன்றும் தெரிந்திருக்காது என்றார். அதை நான் உனக்குச் சொன்னேன். ஏர்போர்ட்டிலிருந்து நேரே வந்து நீ என் கையைப் பிடித்துக்கொண்டு அம்மா கூப்பிட்டாளா அப்பா என்று கேட்டாய். இல்லை மக்களே, கூப்பிடவே இல்லை, கஷ்டப்படாமல் போய்விட்டாள் என்றேன். அதைக் கேட்ட பிறகுதான் நீ உட்கார்ந்தாய், ஒரு வாய் தண்ணீர் குடித்தாய். வருஷத் திதிக்கு வந்தவர்களிடமெல்லாம் நீ அதைத்தான் சொன்னாய். டாக்டர் சொன்னது என் வார்த்தையை வைத்து, நீ ஆறுதல்பட்டது டாக்டர் வார்த்தையை வைத்து. அடியில் இருந்தது என் காது.

இரண்டு நாள் சாப்பாடு இறங்கவில்லை. மூன்றாம் நாள் சீதாலக்ஷ்மி மாமி கிண்ணத்தை நீட்டியபோது நான் வாங்கவில்லை. மாமி, அன்றைக்குப் பகவதி கூப்பிட்டாளா, உங்கள் அடுக்களை ஜன்னல் இந்தக் கல்லுக்கு நேராகத்தானே இருக்கிறது என்று கேட்டேன். கிண்ணத்தைச் சுவர்மேல் வைத்துவிட்டு அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். கேட்டது அண்ணா, ரெண்டு தரம் அத்தான் அத்தான்னு கூப்பிட்டா, அவர்தான் ஆத்துக்குள்ளேயே இருக்காரே, போயிருப்பார்னு நெனச்சுண்டு நான் அடுப்பைப் பாத்துண்டிருந்துட்டேன் என்றார். அதைச் சொல்லிவிட்டு அழுதார். எழுபத்தாறு வயது மனுஷி, சுவரைப் பிடித்துக்கொண்டு நின்று அழுகிறார். நீங்கள் கேட்டும் போகவில்லை என்று நான் தப்பாக நினைத்திருந்தேன், அதனால்தான் சொல்லவில்லை என்றார். தினமும் அந்தக் கிண்ணம் எதற்கு வந்துகொண்டிருந்தது என்று அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. உங்கள் பேரில் ஒரு குற்றமும் இல்லை மாமி என்று சொல்லிக் கிண்ணத்தை வாங்கிக்கொண்டேன். அஸ்வதிக்கு மட்டும் இதை எழுதிடாதேங்கோ, அது தாங்காது என்றார்.

என் சுபாவம் உனக்குத் தெரியும், அளந்து பார்க்காமல் எனக்கு ஒன்றும் தீராது. டேப்பை எடுத்து அளந்தேன். நாற்காலியிலிருந்து துவைக்கிற கல் வரை முப்பத்தெட்டு அடி. போன வாரம் ரெம்யா சோதித்துப் பார்க்கச் சொல்லி ஒரு ஜோடி ஹியரிங் எய்ட் கொடுத்தாள். மாமியைக் கெஞ்சிக் கேட்டுக்கொண்டு கல் பக்கத்தில் நிற்கவைத்தேன். கதவைச் சாத்தினேன், தகரத்தில் தண்ணீர் விழும்படி மொட்டைமாடிக் குழாயைத் திறந்துவிட்டேன். அண்ணா என்று சாதாரணமாகக் கூப்பிடுங்கள், ஐந்து தடவை, நடுவில் இடைவெளி விட்டு, என்று சொல்லிவிட்டு முன்னறையில் போய் உட்கார்ந்தேன். முதலில் காதில் ஒன்றும் மாட்டாமல் உட்கார்ந்தேன். ஒன்றுமே இல்லை. எழுந்து போய், கூப்பிட்டீர்களா என்று கேட்டேன், அஞ்சு தரமும் கூப்பிட்டேனே என்றார். பிறகு அதை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். தண்ணீர்ச் சத்தத்துக்கு நடுவில், கதவுக்கு அந்தப்பக்கம், அண்ணா என்று கேட்டது. தெளிவாகக் கேட்டது. நான் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டேன். பாதி வழி போன பிறகுதான் கூப்பிடுவது மாமி என்று உறைத்தது. அடுக்களையில் கீழே உட்கார்ந்து அழுதேன் மக்களே, உன் அம்மா போன அன்றுகூட நான் அப்படி அழவில்லை.

உடனே போயிருந்தால் அவள் பிழைத்திருப்பாளா என்று அதே டாக்டரிடம் போய்க் கேட்டேன். அவர் நல்ல மனிதர், வரைபடத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், சொல்ல முடியாது, பிழைத்திருக்கலாம், பிழைக்காமலும் போயிருக்கலாம் என்றார். இதற்குமேல் எனக்கும் தெரியாது, உனக்குச் சொல்ல என்னிடம் வேறொன்றும் இல்லை. கல்லாற்றின் ஏழு பட்டியலையும் முழுமையற்றவை என்று திருத்திவிட்டேன், அந்த நான்கு பக்கத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டேன், கூட்டத்தில் எழுந்து நின்று என் காதுதான் போயிற்று, பறவை போகவில்லை என்று சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை. அதெல்லாம் ஒரு மாதிரி முடிந்துவிட்டது. உன்னிடம் சொன்னதை மட்டும் திருத்தாமல் வைத்திருக்க எனக்கு முடியவில்லை. மாமி சொன்னதுபோல் மறைத்துவிடலாமா என்று ஒரு மாதம் யோசித்தேன். நீ பாட்டுக்கு நிம்மதியாக இருக்கிறாய், அதைக் கலைக்க நான் யார் என்று தோன்றியது. ஆனால் உன் அம்மா கடைசியாக வாய் திறந்து கூப்பிட்டிருக்கிறாள். அவள் கூப்பிடவே இல்லை என்று நீயும் நானும் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தால் அது அவளுக்குச் செய்கிற அநியாயம். அவள் கூப்பிட்டாள் அஸ்வதி. என்னைத்தான் கூப்பிட்டாள். நான் வரவில்லை.

நான் பக்கத்தில் இருந்திருந்தால் கேட்டிருப்பேனே என்று உனக்கு இப்போது தோன்றும். அந்த எண்ணத்தை உள்ளே விடாதே. நீ இருக்க வேண்டிய இடத்தில், உன் வேலையோடும் குழந்தையோடும் இருந்தாய். தூரத்தில் இருந்துவிட்டேன், தூரத்தில் இருந்துவிட்டேன் என்று நீ அந்தப் பதினாறு நாளும் சொல்லிச் சொல்லி அழுதாய். முப்பத்தெட்டு அடியில் இருந்தவன் நான். பாரம் என்னுடையது, பாதியைப் பிரித்து நீ எடுத்துக்கொள்ள வேண்டாம். என்மேல் உனக்குக் கோபம் வந்தால் வரட்டும், நியாயமான கோபம். பரவாயில்லை அப்பா என்று உடனே ஒரு வரி அனுப்பிவிடாதே, எனக்கு அது வேண்டாம். மாப்பிள்ளையிடம் சொல்ல வேண்டும் என்றால் சொல். மீராவுக்குப் பெரியவளான பிறகு சொல்லலாம், ஆச்சிக்குப் பாம்புக் காது, தாத்தாவுக்கு ஒன்றும் கேட்காது என்று அவ்வளவு போதும்.

லிபி மார்ச் முதல் ஞாயிறு கல்லாற்றுக்கு வரச்சொல்லிக் கூப்பிடுகிறாள், அதற்குப் பிறகு ஈப்பிடிப்பான் மேல்மலைக்குப் போய்விடும், ஹியரிங் எய்டோடு ஒரு தடவை கேளுங்கள் அங்கிள் என்கிறாள். நான் இன்னும் சம்மதம் சொல்லவில்லை. அதைக் கேட்க எனக்கு ஆசையாகவும் இருக்கிறது, பயமாகவும் இருக்கிறது. இத்தனை வருஷம் என் முழங்கையைத் தொட்டவள் இல்லாமல் அதை நான் மட்டும் கேட்டு என்ன செய்ய. போகலாமா வேண்டாமா என்று நீ சொல்.

குழந்தைக்கு என் முத்தம், மாப்பிள்ளைக்கு என் அன்பு. நீங்கள் மூவரும் நோய்நொடி இல்லாமல் நீண்ட நாள் ஒன்றாக வாழ வேண்டும், ஒருவர் கூப்பிட்டால் ஒருவர் வருகிற தூரத்தில் வாழ வேண்டும், வேறு ஆசீர்வாதம் எனக்குத் தெரியவில்லை. இந்தக் கடிதம் கிடைத்து, படித்து, அழுது முடித்து, எத்தனை நாளானாலும் சரி, உனக்கு மனது வரும்போது போன் பண்ணு. நான் இரண்டு காதிலும் மாட்டிக்கொண்டுதான் இருப்பேன். மறந்துவிடாதே, நீ கத்திப் பேச வேண்டியதில்லை. அப்பா என்று சாதாரணமாகக் கூப்பிடு, வந்துவிடுவேன்.

உன் அப்பா
தாணுலிங்கம்